உணவு ஆயுதமாகும்போது: கடலுக்கு அப்பால் நடந்த முற்றுகையும் நமக்கான பாடமும்

முற்றுகை என்ற சொல்லைக் கேட்டதும் இன்று நம் வீட்டுப் பிள்ளைகளுக்குக்கூட காஸாதான் நினைவுக்கு வருகிறது. நிவாரணக் கப்பல்கள் நடுக்கடலில் மறிக்கப்படுவதையும், பாத்திரம் ஏந்தி வரிசையில் நிற்கும் குழந்தைகளையும் கைப்பேசியில் பார்க்கிறோம். மனம் கனக்கிறது, துஆ செய்கிறோம். ஆனால் இதுபோன்ற ஒரு முற்றுகை நம் கரைக்கு எதிரிலேயே, நம் மொழி பேசும் மக்கள்மீது ஆண்டுக்கணக்கில் நடந்தது என்பது இளைய தலைமுறையில் பலருக்குத் தெரியாது.

சாக்கோட்டையிலிருந்து தேவகோட்டை வழியாகத் தொண்டிக் கடற்கரைக்குப் போய் நின்றால் எதிரே இருப்பது பாக் நீரிணை. அதற்கு அப்பால் யாழ்ப்பாணம். தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கடல் சுமார் 30 கிலோமீட்டர்தான். செட்டிநாட்டு நகரத்தார் கொழும்பில் வட்டிக்கடை நடத்தியதும், கீழக்கரை, தொண்டிப் பகுதி முஸ்லிம்கள் அங்கே வியாபாரம் செய்ததும், போட் மெயிலில் போய் தனுஷ்கோடியில் கப்பல் ஏறியதும் நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்லக் கேட்ட கதைகள். அந்தக் கடலில்தான் பின்னாளில் ஒரு மூட்டை அரிசிக்கும் ஒரு போத்தல் மண்ணெண்ணெய்க்கும் உயிரைப் பணயம் வைக்க வேண்டியிருந்தது.

பொருளாதாரத் தடை எப்படி வந்தது?

1987 ஜனவரியில் யாழ்ப்பாணத்தின் சிவில் நிர்வாகத்தைத் தாங்களே நடத்தப் போவதாக விடுதலைப் புலிகள் அறிவித்தார்கள். அதற்குப் பதிலடியாக இலங்கை அரசு எரிபொருள் அனுப்புவதை நிறுத்தியது. 1990 ஜூனில் போர் மீண்டும் வெடித்தபோது தடை முழு வடிவம் பெற்றது. யாழ்ப்பாணத்துக்கு மின்சாரம் போயிற்று. பெட்ரோல், டீசல், பேட்டரி, சிமெண்ட், இரும்பு, உரம் ஆகியவற்றுடன் சோப்பு, மெழுகுவர்த்தி, சாக்லேட் வரை தடைப் பட்டியலில் இடம்பெற்றன. பல மருந்துகளுக்கும் கட்டுப்பாடு வந்தது.

அரசு சொன்ன காரணம் எளிமையானது. பேட்டரி போனால் கண்ணிவெடிக்கு உதவும், உரம் போனால் வெடிமருந்தாகும், எரிபொருள் போனால் புலிகளின் படகு ஓடும் என்றார்கள். இதில் உண்மை இல்லாமலும் இல்லை. ஆனால் ஆயுதம் வைத்திருப்பவன் தனக்கு வேண்டியதை எப்படியாவது எடுத்துக்கொள்வான். கிடைப்பது குறையும்போது முதலில் இழப்பவர்கள் ஆயுதம் இல்லாதவர்கள்: நோயாளி, கர்ப்பிணி, தினக்கூலி, விளக்கு இல்லாமல் படிக்கும் பிள்ளை.

இன்னொன்றையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். இலங்கை அரசு யாழ்ப்பாணத்தை முழுவதும் கைவிட்டுவிடவில்லை. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதியிலும் அரசு அதிபர் வேலை செய்தார், ஆசிரியர்களுக்குச் சம்பளம் போயிற்று, பரீட்சைகள் நடந்தன. அரிசியும் மாவும் சர்க்கரையும் செஞ்சிலுவைச் சங்கத்தின் பாதுகாப்போடு கப்பலில் வந்தன. யாழ்ப்பாணப் போதனா மருத்துவமனையைப் போர் தீண்டாத வளாகமாக 1990 இறுதியில் அதே சங்கம் பொறுப்பேற்றது. ஆகவே இதை முழுப் பட்டினி என்று சொல்ல முடியாது. கதவை ஒரு விரல் அளவு மட்டும் திறந்து வைத்து, அந்த விரல் அளவையும் வேண்டும்போது மூடுகிற ஏற்பாடு அது. மக்கள் உயிரோடு இருந்தார்கள். ஆனால் நாளை என்ன வரும், வராது என்பது அவர்கள் கையில் இல்லை.

இருட்டில் வாழ்ந்த ஊர்

அந்த ஆண்டுகளை வாழ்ந்தவர்கள் சொல்லும் செய்திகள் வியப்பானவை. சிறிய ஜாம் போத்தலில் கொஞ்சம் மண்ணெண்ணெய் விட்டுத் திரி போட்டு, அந்த வெளிச்சத்தில் பிள்ளைகள் பரீட்சைக்குப் படித்தார்கள். சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி மிதியைச் சுற்றி, டைனமோவிலிருந்து வந்த மின்சாரத்தில் வானொலிச் செய்தி கேட்டார்கள். மோட்டார் சைக்கிளையும் காரையும் ஒரு சொட்டுப் பெட்ரோலில் கிளப்பி மண்ணெண்ணெயில் ஓட்டினார்கள். சோப்பு கிடைக்காதபோது பனம்பழத்தால் துணி துவைத்தார்கள். நாளிதழ்கள் பள்ளிக் கொப்பித் தாளில்கூட அச்சாகின. நோயாளிகள் சைக்கிளிலும் மாட்டு வண்டியிலும் மருத்துவமனைக்குப் போனார்கள்.

இவற்றைக் கேட்டால் அந்த மக்களின் கெட்டிக்காரத்தனத்தைப் பாராட்டத் தோன்றும். பாராட்ட வேண்டியதுதான். ஆனால் சைக்கிளில் வைத்துக் கொண்டு போன எத்தனை நோயாளிகள் வழியிலேயே போய்விட்டார்கள், இன்சுலினுக்குக் காத்திருந்து எத்தனை முதியவர்கள் கண் மூடினார்கள் என்று யாரும் எண்ணி வைக்கவில்லை. குண்டில் இறந்தவருக்குப் பட்டியல் உண்டு. தடையில் இறந்தவர் சர்க்கரை நோயில் இறந்தார் என்றோ காய்ச்சலில் இறந்தார் என்றோதான் எழுதப்படுகிறார்.

தடையை மீறிய படகுகள்

தடை எங்கே உண்டோ அங்கே அதை மீறுபவர்களும் உண்டு. அவர்களை ஒரே வகையில் சேர்க்கக் கூடாது. ஆயுதம் கடத்துபவன் ஒரு வகை. ஊரின் பற்றாக்குறையில் லாபம் பார்க்கும் வியாபாரி இன்னொரு வகை. பசித்தவனுக்கு உணவும் நோயாளிக்கு மருந்தும் கொண்டுபோக நினைப்பவர் மூன்றாவது வகை. மூவரும் ஒரே கடலில், சில வேளை ஒரே படகில்கூடப் போனார்கள். இதனால்தான் முற்றுகையிடுபவர் மூன்றாமவரையும் முதலாமவர் என்று சொல்லிச் சுட முடிகிறது.

1987 ஜூன் 3 அன்று இந்திய அரசு ராமேஸ்வரத்திலிருந்து சுமார் இருபது படகுகளில் செஞ்சிலுவைக் கொடியோடு உணவும் மருந்தும் அனுப்பியது. இலங்கைக் கடற்படை அவற்றை மறித்துத் திருப்பி அனுப்பியது. மறுநாள் ஜூன் 4 அன்று இந்திய விமானப்படையின் ஐந்து சரக்கு விமானங்கள், மிராஜ் போர் விமானங்களின் துணையோடு யாழ்ப்பாணத்தின் மீது பறந்து சுமார் 25 டன் பொருட்களைப் பாராசூட்டில் போட்டன. பூமாலை நடவடிக்கை என்பது அதன் பெயர். பசிக்குச் சோறு என்று பார்த்தால் 25 டன் சிறிய அளவுதான். ஆனால் அரசியலில் அதன் விளைவு பெரியது. அடுத்த மாதம் 29ஆம் தேதி இந்திய-இலங்கை ஒப்பந்தம் கையெழுத்தானது.

ஒரு நாடு தடையை மீறினால் அது வரலாறு ஆகிறது. சாதாரண மக்கள் மீறியது கிளாலியில். ஆனையிறவில் ராணுவம் இருந்தது. பூநகரி வழியும் 1991இல் அடைபட்டது. யாழ்ப்பாணத்திலிருந்து வெளியே போகவும் உள்ளே வரவும் கிளாலிக் கடனீரேரி மட்டுமே மிஞ்சியது. இரவில், விளக்கில்லாமல், பல படகுகளை ஒன்றன்பின் ஒன்றாகக் கயிற்றால் கட்டி, முன்னால் ஒரு இயந்திரப் படகு இழுத்துச் செல்ல மக்கள் பயணம் செய்தார்கள். திருமணத்துக்குப் போகிறவர், பல்கலைக்கழகத்துக்குப் போகிற மாணவர், கொழும்பில் கண் அறுவை சிகிச்சைக்குப் போகிற மூதாட்டி, சைக்கிளோடும் மூட்டையோடும் சிறு வியாபாரி எல்லாரும் அதில் இருந்தார்கள். 1993 ஜனவரி 2ஆம் தேதி இரவு அந்தப் படகுகள் மீது கடற்படை தாக்கியதில் பொதுமக்கள் பலர் கொல்லப்பட்டார்கள். அதன் பிறகும் மக்கள் அதே வழியில்தான் போனார்கள். வேறு வழி இருக்கவில்லை.

உள்ளிருந்தும் பூட்டப்பட்ட கதவு

வெளியே இருந்து அரசு பூட்டிய கதவை உள்ளே இருந்து புலிகளும் பூட்டினார்கள். அவர்களின் பகுதியை விட்டு வெளியேற 'பாஸ்' வேண்டும்; பிணை நிற்க ஆள் வேண்டும். உள்ளே வரும் பொருளுக்கு வரி உண்டு. தடையால் பொருளின் விலை ஏறியது. வரியால் இன்னும் ஏறியது. இரண்டையும் கட்டியவர் ஒரே ஏழைதான்.

2006 ஜூலையில் திருகோணமலை மாவட்டத்தின் மாவிலாறு அணைக்கட்டின் மதகைப் புலிகள் மூடினார்கள். அதை நம்பியிருந்த ஆயிரக்கணக்கான விவசாயக் குடும்பங்களுக்குத் தண்ணீர் நின்றது. அதிலிருந்தே கடைசிக் கட்டப் போர் மூண்டது. அடுத்த மாதம் மூதூர் முஸ்லிம்கள் ஊரை விட்டு ஓடிக் கந்தளாயில் தஞ்சம் புகுந்தார்கள். அதே மாதம் 11ஆம் தேதி யாழ்ப்பாணத்துக்கான ஏ-9 நெடுஞ்சாலையும் மூடப்பட்டது. குடாநாட்டு மக்கள் மறுபடி கப்பலை எதிர்பார்த்து நின்றார்கள்.

நம் சமுதாயத்துக்கு மிக வலித்த காயம் 1990 அக்டோபரில் நேர்ந்தது. வடக்கு மாகாணத்தின் ஐந்து மாவட்டங்களிலிருந்தும் முஸ்லிம்கள் எல்லாரையும், ஏறத்தாழ 70,000 பேருக்கு மேல், புலிகள் வெளியேற்றினார்கள். அக்டோபர் 30 அன்று யாழ்ப்பாண முஸ்லிம்களுக்குக் கொடுத்த அவகாசம் இரண்டு மணி நேரம். கையில் 150 ரூபாய் கொண்டுபோகலாம் என்றார்கள். நகை, கடை, வீடு, பள்ளிவாசல் எல்லாம் பின்னால் நின்றன. மன்னார்த் தீவின் முஸ்லிம்கள் படகுகளில் கற்பிட்டிக்குப் போய்ச் சேர்ந்தார்கள். புத்தளத்தில் ஓலைக் கொட்டகைகளில் ஒரு தலைமுறையே வளர்ந்தது.

சரியாக ஐந்து ஆண்டுகள் கழித்து, 1995இல் அதே அக்டோபர் 30 அன்று, ராணுவம் நெருங்கியபோது, யாழ்ப்பாணத் தமிழர்கள் நான்கு லட்சத்துக்கும் மேற்பட்டோர் ஒரே இரவில் கொட்டும் மழையில் தென்மராட்சி நோக்கி நடந்தார்கள். இதைக் கணக்குத் தீர்ந்ததாக யாரும் பார்க்கக் கூடாது. அந்த மழையில் நடந்தவர்களில் நம் மக்களை விரட்ட உத்தரவிட்டவர் எத்தனை பேர்? தலையில் மூட்டையும் இடுப்பில் பிள்ளையுமாக நடந்த தாய் யாரையும் விரட்டவில்லை.

எண்ணிக்கையில் தொடங்கும் பட்டினி

கடைசிக் கட்டம் வன்னியில் நடந்தது. 2008 செப்டம்பரில் ஐ.நா. பணியாளர்கள் கிளிநொச்சியை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. உணவு லாரிகளின் கடைசி அணி 2009 ஜனவரியில் போனது. அதற்குப் பிறகு கடல்தான். 'கிரீன் ஓஷன்' என்ற கப்பலில் செஞ்சிலுவைச் சங்கம் பிப்ரவரி முதல் மே வரை நோயாளிகளும் உறவினர்களுமாகப் பதின்மூவாயிரத்துக்கும் மேற்பட்டோரை வெளியே கொண்டுவந்தது. முஸ்லிம்கள் பெரும்பான்மையாக வாழும் புல்மோட்டையில் இந்திய மருத்துவக் குழு அமைத்த மருத்துவமனை அவர்களில் பலருக்குச் சிகிச்சை கொடுத்தது.

அப்போது போர்ப் பகுதியில் சிக்கியிருக்கும் பொதுமக்கள் சுமார் 70,000 பேர்தான் என்று அரசு சொன்னது. போர் முடிந்து முள்வேலி முகாம்களில் எண்ணப்பட்டவர்கள் மூன்று லட்சத்தை நெருங்கினார்கள். உணவு அந்தச் சிறிய எண்ணுக்கே கணக்கிடப்பட்டது. வேண்டுமென்றே குறைத்துச் சொல்லப்பட்டது என்பது 2011இல் வெளியான ஐ.நா. நிபுணர் குழு அறிக்கையின் முடிவு. புலிகள் மக்களைக் கேடயமாகப் பிடித்து வைத்தார்கள், தப்பியோடியவர்களைச் சுட்டார்கள் என்பதையும் அதே அறிக்கை பதிவு செய்தது.

உப்பும் அரிசியும் தண்ணீரும் சேர்த்துக் காய்ச்சிய கஞ்சிக்குப் பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். இன்றும் ஒவ்வொரு மே மாதமும் அங்கே முள்ளிவாய்க்கால் கஞ்சி காய்ச்சி நினைவுகூர்கிறார்கள். ரமலான் மாலைகளில் பள்ளிவாசல் வாசலில் சாதி, மதம் பாராமல் நோன்புக் கஞ்சி ஊற்றும் நமக்கு, கஞ்சியின் மதிப்பை யாரும் விளக்கத் தேவையில்லை.

புலம்பெயர்ந்த தமிழர்கள் ஐரோப்பாவில் திரட்டிய 884 டன் நிவாரணப் பொருட்களோடு 'வணங்கா மண்' கப்பல் புறப்பட்டது. அந்தக் கப்பலின் உண்மைப் பெயர் கேப்டன் அலி. அது இலங்கையை அடைந்தபோது ஜூன் மாதம் ஆகிவிட்டது. மே மாதமே போர் முடிந்துவிட்டது. கடற்படை அதை மறித்துத் திருப்பியது. சென்னைக்கு வந்து நங்கூரமிட்டு, பொருட்கள் வேறு கப்பலுக்கு மாறிக் கொழும்பு போய், அங்கும் மாதக்கணக்கில் கிடந்தன. பசிக்குத் தாமதமாக வரும் சோறு எவ்வளவு கசப்பானது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம்.

'நம்ம ஆளுகளை விரட்டுனவங்கதானே?'

ஒரு ஜும்ஆவுக்குப் பிறகு பெரியவர் ஒருவர் என்னிடம் கேட்டார்: "ஹஜ்ரத், நம்ம ஆளுகளை ரெண்டு மணி நேரத்துல விரட்டுனாங்க. காத்தான்குடியில தொழுதுக்கிட்டு இருந்தவங்களைச் சுட்டாங்க. அவங்க பட்டினி கெடந்ததுக்கு நாம ஏன் வருத்தப்படணும்?" நியாயமான வேதனையிலிருந்து வந்த கேள்வி அது. தட்டிக்கழிக்காமல் பதில் சொல்ல வேண்டும்.

மக்காவில் நபி (ஸல்) அவர்களின் குடும்பத்தார் அபூதாலிப் கணவாயில் ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் ஒதுக்கி வைக்கப்பட்டார்கள். அவர்களோடு கொடுக்கல் வாங்கல் இல்லை, திருமண உறவு இல்லை என்று குறைஷிகள் எழுதி கஅபாவில் தொங்கவிட்டார்கள். அது அந்நியர் போட்ட தடையல்ல; சொந்த ரத்தம், சொந்த ஊர். இலை தழைகளைத் தின்னும் நிலை வந்தது. அப்போது ஹிஷாம் இப்னு அம்ரு இரவில் ஒட்டகத்தில் உணவு ஏற்றி, கணவாயின் வாயில் வரை ஓட்டிவந்து உள்ளே விரட்டிவிடுவார். ஹகீம் இப்னு ஹிஸாம் தன் மாமி கதீஜா (ரலி) அவர்களுக்குக் கோதுமை கொண்டுபோனபோது அபூஜஹ்ல் மறித்தான். அபுல் பக்தரி குறுக்கே வந்து அவனை அடித்தார். இவர்களில் எவரும் அன்று முஸ்லிம் இல்லை. முடிவில் ஒப்பந்தத்தைக் கிழிக்க முன்வந்த ஐவரில் முத்இம் இப்னு அதீயும் ஒருவர்.

நபி (ஸல்) அவர்கள் இதை மறக்கவில்லை. பத்ருப் போரில் எதிரணியில் நின்ற அபுல் பக்தரியைக் கொல்லாதீர்கள் என்று தம் படைக்குச் சொன்னார்கள். முத்இம் உயிரோடு இருந்து கேட்டிருந்தால் பத்ருக் கைதிகளை அவருக்காகவே விட்டிருப்பேன் என்ற கருத்தில் அவர்கள் சொன்னது புகாரியில் பதிவாகியுள்ளது.

பிறகு காலம் மாறியது. யமாமாவின் தலைவர் ஸுமாமா இப்னு உஸால் (ரலி) இஸ்லாத்தை ஏற்று, மக்காவுக்குப் போகும் தானியத்தை நிறுத்தினார். ஒரு காலத்தில் நபியைப் பட்டினி போட்ட அதே மக்கா பசியில் வாடியது. பழிதீர்க்க அதைவிட நல்ல வாய்ப்பு கிடைக்காது. மக்காவாசிகள் நபியிடமே முறையிட்டார்கள். நபி (ஸல்) அவர்கள் தானியத்தைப் போகவிடும்படி ஸுமாமாவுக்கு எழுதினார்கள். பெரியவரின் கேள்விக்கு இதுவே பதில். ஒரு கூட்டத்தார் மீதுள்ள பகை நம்மை நீதி தவறச் செய்யக் கூடாது என்று குர்ஆன் அல்மாயிதா அத்தியாயத்தில் கட்டளையிடுவதும் இதைத்தான்.

ஒரு பூனையைக் கட்டி வைத்துப் பட்டினி போட்ட பெண்ணைப் பற்றிய நபிமொழியை நம் பிள்ளைகள் மதரஸாவில் படிக்கிறார்கள். அவள் தானும் உணவு கொடுக்கவில்லை. அது தேடித் தின்னவும் விடவில்லை. முற்றுகை என்பதற்கு இதைவிடச் சுருக்கமான விளக்கம் நான் படித்ததில்லை. ஒரு பூனைக்கே இந்தக் கணக்கு என்றால் ஓர் ஊருக்கு எப்படி இருக்கும்?

சட்டமும் நம் பங்கும்

உலகச் சட்டமும் மெதுவாக இதே இடத்துக்கு வந்திருக்கிறது. 1949 ஜெனீவா ஒப்பந்தம் மருந்துக்கும், குழந்தைகள், கர்ப்பிணிகளின் உணவுக்கும் வழிவிடச் சொன்னது. உள்நாட்டுப் போரிலும் பொதுமக்களைப் பட்டினி போடக் கூடாது என்று 1977 கூடுதல் உடன்படிக்கை தடுத்தது. இலங்கை அதில் சேரவில்லை. 2018இல் ஐ.நா. பாதுகாப்பு அவை பட்டினியைப் போர் முறையாக்குவதைக் கண்டித்துத் தீர்மானம் 2417ஐ நிறைவேற்றியது. 2019இல்தான் உள்நாட்டுப் போரில் பட்டினி போடுவதும் சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றத்தின் சட்டத்தில் போர்க்குற்றமாகச் சேர்க்கப்பட்டது. அதை ஏற்றுக்கொண்ட நாடுகளை மட்டுமே அது கட்டுப்படுத்தும்.

நாம் கடற்படையும் அல்ல, நீதிமன்றமும் அல்ல. ஆனால் செய்ய வேண்டியது உண்டு. அந்தப் போரிலிருந்து தப்பி வந்தவர்கள் தமிழகத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் இன்னும் வாழ்கிறார்கள். நம் சிவகங்கை மாவட்டத்திலும் இருக்கிறார்கள். நோன்புக் கஞ்சியும் குர்பானி இறைச்சியும் கல்வி உதவியும் அந்த வாசல் வரை போக வேண்டும். புத்தளத்திலிருந்து யாழ்ப்பாணம் திரும்ப முயலும் நம் சகோதரர்களின் உரிமையையும், காணாமல் போன பிள்ளையைத் தேடும் தமிழ்த் தாயின் உரிமையையும் ஒரே மூச்சில் பேச நமக்குத் தெரிய வேண்டும். காஸாவுக்காகக் கண்ணீர் விடும் நாம், முற்றுகையிடுபவர் யார் என்று பார்த்துக் கண்ணீரை அளந்தால், அந்தக் கண்ணீருக்கு மதிப்பில்லை.

2022இல் இலங்கை பொருளாதார நெருக்கடியில் தவித்தபோது தமிழக அரசு 40,000 டன் அரிசியும் பால்மாவும் மருந்தும் அனுப்ப முடிவு செய்தது. முதல் கப்பல் சென்னையிலிருந்து புறப்பட்ட நாள் மே 18. அந்த அரிசி தமிழர், முஸ்லிம், சிங்களர் என்று பாராமல் எல்லார் வீட்டு அடுப்புக்கும் போனது. யாரும் அதை மறிக்கவில்லை.

பசியிலிருந்து உணவளித்து, அச்சத்திலிருந்து அபயமளித்த இறைவனை வணங்கும்படி குறைஷ் அத்தியாயம் நமக்குச் சொல்கிறது. பசியையும் அச்சத்தையும் எந்த மக்கள்மீதும் ஏவாதவர்களாகவும், அவை இறங்கிய வீட்டின் கதவைத் தட்டுபவர்களாகவும் அல்லாஹ் நம்மை ஆக்குவானாக. ஆமீன்.